கயிறு மருந்தாகுமா?

(கோப்பாயில் வாசிகசாலை மண்டபமொன்றில் கூடிய பொதுக்கூட்டத்தில் ஆற்றப்பெற்ற உரை)



அரசியல் மேடையில் ஏறுகின்றவர்கள் வழக்கமாகப் பேசும் பொருள் எதனையும் இன்று நாம் பேசப்போவதில்லை. மனநோய் கண்டு வைத்தியசாலைக்குப் போன மனிதனைக் கட்டிலோடு சேர்த்துக் கட்டிவைக்கும் வழக்கத்தைப் பற்றிப் பேசப்போகின்றோம். தனியறையில் இட்டுப் பூட்டுவதும், நோய்க்காக அன்றி அடங்கிக் கிடக்கட்டும் என்பதற்காகவே ஊசி ஏற்றுவதும் அதனோடு கூடப் பிறந்தவை. ஆகையால் அவையும் இப்பேச்சில் அடங்கும். "இது வைத்தியர்கள் பேசவேண்டியது, சட்டத்தரணிக்கும் கட்சிக்காரனுக்கும் இதில் என்ன அலுவல்?" என்று முன்வரிசையில் இருக்கும் நண்பரொருவர் கூட்டம் தொடங்குமுன்னரே எம்மைக் கேட்டார். ஒரு மனிதன் இன்னொரு மனிதனுடைய கையைக் கட்டுகின்ற இடம் எதுவாயினும், ஏன் கட்டினாய் என்று கேட்பது எமது தொழில். அக்கேள்வியைக் கேட்பார் இல்லாத இடம் ஒன்று நமது நாட்டில் உண்டென்பதை ஒரு தாய் வந்து சொல்லியே நாம் அறிந்தோம்.

சில ஆண்டுகளுக்கு முன் அந்தத் தாய் எமது கந்தோருக்கு வந்தார். அவருடைய மகனுக்கு வயது இருபத்துமூன்று. பல நாளாக உறக்கமில்லை. தனக்குத் தானே பேச்சு. ஒருநாள் கிணற்றடியில் நின்று அழுகை. தாயே அவனைக் கூட்டிக்கொண்டு போனார். அவன் முரண்டு பிடிக்கவில்லை. தன் காலால் நடந்தே விடுதிக்குள் போனான். மூன்றாம் நாள் பார்வை நேரத்தில் போன தாய் கண்டது மகனின் இரு மணிக்கட்டிலும் கன்றிச் சிவந்த தழும்புகளை. படுக்கை விரிப்பைக் கிழித்து இரண்டு இரவு கட்டிலோடு கட்டியிருந்தார்கள். அந்த வைத்தியசாலையின் பெயரை நாம் சொல்லப்போவதில்லை; எதுவென்று நீங்கள் ஊகிக்கவும் வேண்டா. தாய் எம்மிடம் கேட்டதை மாத்திரம் அவர் சொன்னபடியே சொல்கின்றோம்.

"ஐயா, கள்ளனைப் பிடிச்சாலும் கோட்டிலை நிப்பாட்டி என்ன செய்தனி எண்டு கேக்கினம். என்ரை பிள்ளையை ஆர் ஐயா கேட்டது?"

சட்டம் படித்து இருபது ஆண்டுகள் வழக்காடியும் இக்கேள்விக்கு அன்று எம்மிடம் விடை இருக்கவில்லை.

கள்ளனைப் பற்றி அந்தத் தாய் சொன்னது முற்றிலும் உண்மை. 1979ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின்படி, கைது செய்யப்பட்டவன் தப்பியோடாதிருக்க எவ்வளவு கட்டுப்பாடு வேண்டுமோ அதற்குமேல் அவனைக் கட்டுப்படுத்தல் ஆகாது. இருபத்துநான்கு மணி நேரத்துக்குள் அவனை நீதவான் முன் நிறுத்தவேண்டும். (விலக்குச் சட்டங்கள் இந்த விதியை என்ன பாடு படுத்தின என்பதை இவ்வூருக்கு நாம் எடுத்துச் சொல்லவேண்டியதில்லை, விதியென்று ஒன்று இருந்தபடியால்தான் அது மீறப்பட்டதென்று வழக்காட முடிந்தது.) கட்டிலில் கட்டப்பட்ட பிள்ளைக்கோ நீதவானும் இல்லை, மணிக்கணக்கும் இல்லை, குற்றச்சாட்டும் இல்லை.

நாம் அவ்வைத்தியசாலைக்கு எழுதி, நோயாளியின் தலைமாட்டில் தொங்கும் சீட்டின் பிரதியைப் பெற்றுப் பார்த்தோம். காய்ச்சல் எத்தனை பாகை என்று எழுதப்பட்டிருந்தது. கொடுத்த குளிசை எழுதப்பட்டிருந்தது. காலையில் பாண் உண்டான் என்பதுகூட எழுதப்பட்டிருந்தது. அவனைக் கட்டியது எழுதப்பட்டிருக்கவில்லை! கட்டுமாறு சொன்னவர் யார், எத்தனை மணிக்குக் கட்டினார்கள், எத்தனை மணிக்கு அவிழ்த்தார்கள், இடையில் தண்ணீர் கொடுத்தார்களா, மலசலகூடத்துக்கு விட்டார்களா? ஒரு வரியும் இல்லை. எழுத்தில் பார்த்தால் அந்த இரண்டு இரவும் நிகழவேயில்லை.

பிற்பாடு அவ்விடுதியில் கடமையாற்றிய தாதி ஒருவரைச் சந்தித்தோம். நாம் சினத்தோடு போனோம் என்பதை மறைக்கவில்லை. அவர் அமைதியாகச் சொன்னார்: இரவில் நாற்பது நோயாளருக்குத் தாதியர் இருவர், சிற்றூழியர் ஒருவர். முந்திய மாதம் உடன் வேலை செய்த தாதி ஒருவருக்கு விழுந்த அடியில் பல் உடைந்தது. "கட்டுவது சரியா பிழையா என்பதன்று அன்றிரவு எங்களுக்கிருந்த கேள்வி; கட்டாவிட்டால் அடி யாருக்கு விழும் என்பதே" என்றார். திரும்பும்போது எமக்குச் சினம் போய்விட்டது. அந்தத் தாயின் கேள்வியும் இந்தத் தாதியின் கேள்வியும் ஒரே இடத்தில்தான் வந்து முட்டுகின்றன. அவ்விடத்தில் அரசினர் நிற்கவேண்டும். நிற்கவில்லை.

வழக்கு வைத்தோமா என்று கேட்பீர்கள். வைக்கவில்லை. அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரை, சித்திரவதைக்கோ கொடிய, மனிதத்தன்மையற்ற, இழிவான நடத்துகைக்கோ எவரும் உட்படுத்தப்படலாகாது என்கின்றது. ஆனால் 126ஆம் உறுப்புரையின்படி உயர் நீதிமன்றம் செல்ல ஒரு மாதமே தவணை. தாய் எம்மிடம் வந்தபோது ஆறு கிழமை கழிந்துவிட்டது. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ்ப்பாணக் காரியாலயத்தில் முறையிட்டிருந்தால், அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் தவணையில் சேராது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் அதற்கு இடமளிக்கின்றது. இதை அந்தத் தாய்க்கு எவர் சொல்லியிருந்தார்? இப்பொழுது உங்களுக்குச் சொல்லிவிட்டோம். வீட்டுக்குப் போய்ப் பக்கத்து வீட்டாருக்கும் சொல்லுங்கள்.

மனநோயாளரைப் பற்றி நமது நாட்டில் உள்ள சட்டம் 1873ஆம் ஆண்டில் வெள்ளையர் இயற்றியது. பைத்தியக்காரர் என்ற பொருளில் வழங்கிய பழைய சொற்களை 1956ஆம் ஆண்டில் நீக்கிப் புதிய சொற்களை இட்டார்கள். உள்ளே இருந்த மனம் மாறவில்லை. ஒருவரை மாவட்ட நீதிமன்றம் எவ்வாறு விசாரித்து எவ்வாறு அனுப்பவேண்டும் என்பதே அச்சட்டத்தின் பெருங்கவலை. வாசற்படி தாண்டி உள்ளே போனபின் அம்மனிதனைக் கட்டலாமா, கட்டினால் எவ்வளவு நேரம், யாரிடம் சொல்லவேண்டும் என்ற வினாக்களுக்கு விடைகூறும் பிரிவொன்றை அதில் தேட வேண்டா. 2005ஆம் ஆண்டில் அமைச்சரவை ஏற்றுக்கொண்ட மனநலக் கொள்கை புதியதொரு சட்டம் வேண்டுமென்று கூறிற்று. வரைவுகள் எழுதப்பட்டன, ஆண்டுகள் பல சென்றும் வரைவுகள் வரைவுகளாகவே கிடந்தன. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகள் பற்றிய ஐக்கிய நாடுகள் சமவாயத்தை நமது அரசு 2016 பெப்ருவரி 8ஆம் நாள் ஏற்புறுதி செய்தது. ஜெனீவாவுக்கு வாக்குக் கொடுக்கக் காட்டும் விரைவை விடுதிக்குள் அதை நிறைவேற்றக் காட்டுவதில்லை.

நன்மையே நடக்கவில்லை என்று நாம் சொல்லவில்லை. அங்கொடை என்ற ஊர்ப்பெயரையே வசைச்சொல்லாக்கிய தலைமுறை நாம். இங்கிருந்து புகையிரதம் ஏற்றி அனுப்பப்பட்டவர்களுள் பலரை மறுபடி பார்க்க எவரும் போகவில்லை. அந்நிலை மாறி, மாவட்டந்தோறும் மனநல விடுதி வேண்டும் என்ற கொள்கை வந்தது. தெல்லிப்பழையில் மனநலப் பிரிவு இயங்குகின்றது. பேராசிரியர் தயா சோமசுந்தரம் அவர்களைப் போன்றோர் போர்க்காலத்தில் இம்மண்ணில் நின்று இத்துறையைக் கட்டி வளர்த்தார்கள். வைத்தியசாலை கிட்ட வந்துவிட்டது. அதனாலேயே அதற்குள் நடப்பதைக் கேட்கும் பொறுப்பும் நமக்குக் கிட்ட வந்துவிட்டது.

இனி, கயிறில்லாமல் நடத்த முடியுமா என்ற கேள்விக்கு வருவோம். இது இன்று நேற்று எழுந்த கேள்வியன்று. 1839ஆம் ஆண்டில் இலண்டனுக்கு அண்மையில் உள்ள ஹான்வெல் என்னும் பெரும் மனநோயாளர் இல்லத்தின் பொறுப்பை ஏற்ற ஜோன் கொனொலி என்ற வைத்தியர், அங்கிருந்த விலங்குகளையும் வார்களையும் கட்டுநாற்காலிகளையும் சில மாதங்களுக்குள் ஒழித்தார். பல நூறு நோயாளர் இருந்த இல்லம் அது. உலகம் இடிந்து விழவில்லை. இக்கணக்கை ஒருமுறை பாருங்கள்: கயிறின்றி நடத்தலாம் என்பதை ஆங்கிலேயன் தன் ஊரில் கண்டறிந்து முப்பத்துநான்கு ஆண்டுகள் கழித்தே நமக்கு 1873இன் சட்டத்தை எழுதித் தந்தான். சட்டத்தைக் கப்பலில் ஏற்றியவன் கொனொலியை ஏற்ற மறந்துவிட்டான்!

இத்தாலியில் பிராங்கோ பசாலியா என்பவர் 1961ஆம் ஆண்டில் கொரிசியா நகர மனநோய் வைத்தியசாலையின் தலைவரானார். முதல் நாளே, முந்திய இரவில் கட்டப்பட்டவர்களின் பதிவேட்டைக் கையொப்பத்துக்காகத் தலைமைத் தாதி அவர்முன் வைத்தார். அவர் ஒப்பமிட மறுத்தார். அங்கே தொடங்கிய காரியம் 1978 மே 13ஆம் நாள் நிறைவேறிய 180ஆம் இலக்கச் சட்டத்தில் போய் நின்றது. பழைய மனநோய் வைத்தியசாலைகளையே படிப்படியாக மூடும் சட்டம் அது. அங்கே மறுப்பதற்காவது ஒரு பதிவேடு இருந்தது. நமது சீட்டில் அந்த வரியே இல்லாதபோது ஒப்பமிட மறுக்கும் வைத்தியரும் எப்படித் தோன்றுவார்?

இத்தாலி தூரம் என்பீர்கள். ஏர்வாடி தூரமன்று. பாக்குநீரிணைக்கு அப்பால், இராமநாதபுரம் மாவட்டத்தில், தர்கா ஒன்றை நாடி எல்லாச் சமயத்தவரும் மனநோயாளரைக் கொண்டுசெல்லும் ஊர் அது. சுற்றிலும் தனியார் நடத்திய காப்பகங்கள். 2001 ஓகஸ்ட் 6ஆம் நாள் விடியற்காலையில் அவற்றுள் ஓலைக்கொட்டகை ஒன்றில் தீ மூண்டது. உள்ளே இருந்தவர்கள் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தார்கள். இருபத்தெட்டுப் பேர் இறந்தார்கள். தீயைக் கண்டும், கத்தியும், கால் இருந்தும் ஓட முடியாமல் இறந்தார்கள். அவர்களை அங்கே விட்டுச் சென்றவர்கள் பகைவர்கள் அல்லர்; தாயும் தந்தையும் அண்ணனும்.

அந்நாட்டு உச்ச நீதிமன்றம் எவரும் மனுப் போடாமலே அதனைத் தானாகக் கையிலெடுத்தது. 2017ஆம் ஆண்டில் அங்கு இயற்றப்பட்டு 2018 மே மாதம் நடைமுறைக்கு வந்த மனநலப் பராமரிப்புச் சட்டத்தைச் சட்டத்தரணி என்ற முறையில் பலமுறை படித்தோம். 95ஆம் பிரிவு, எவ்வகையிலும் சங்கிலியிடல் ஆகாது என்கின்றது. 97ஆம் பிரிவு தனியறைப் பூட்டை அடியோடு தடுக்கின்றது. உடலைக் கட்டுவதாயின், உடனடியாக நேரவிருக்கும் தீங்கைத் தடுக்க வேறு வழியே இல்லை என்ற நிலையில் மாத்திரம், பொறுப்பான மனநல வைத்தியரின் அதிகாரத்தோடு, தேவைக்கு மேல் ஒரு கணமும் நீடிக்காமல், என்ன முறை, என்ன காரணம், எவ்வளவு நேரம் என்பதை எழுதிவைத்தே செய்யவேண்டும். நோயாளி தனக்கென நியமித்தவருக்கு இருபத்துநான்கு மணி நேரத்துக்குள் அறிவிக்கவேண்டும். மாதந்தோறும் மேற்பார்வைச் சபைக்குக் கணக்குக் கொடுக்கவேண்டும். தண்டனையாகக் கட்டலாகாது. இவ்வளவும் சொல்லிவிட்டு அப்பிரிவு இன்னொன்றும் சொல்கின்றது: ஆட்குறைவை மாத்திரம் காரணமாகக் காட்டிக் கட்டலாகாது!

இக்கடைசி வாக்கியத்தைப் படித்தபோது நாம் நினைத்தது அந்தத் தாதியைத்தான். இவ்விதி இங்கு இருந்திருந்தால், இருவரை வைத்துக்கொண்டு நாற்பது பேரைப் பார் என்று சொன்ன மேலிடத்தைப் பார்த்து, "சட்டம் கட்டவிடாது, ஆளைத் தாருங்கள்" என்று அவர் எழுத்தில் கேட்டிருக்கலாம். கயிறு கையில் இருக்கும்வரை மேலிடத்துக்கு ஆள் கொடுக்கவேண்டிய அவசியம் இல்லை. நாற்பது நோயாளருக்கு மூவர் போதும் என்ற வரவுசெலவுக் கணக்கு சரிவருவது அந்தக் கிழித்த விரிப்பினாலேதான். இந்தியாவில் அச்சட்டம் எல்லா இடத்திலும் ஒழுங்காக நடக்கின்றதென்று நாம் சான்று கூறவில்லை. மீறலென்று சொல்லிக் காட்டுவதற்கு எழுத்தில் ஒன்று இருக்கின்றது, அதைத்தான் சொல்கின்றோம்.

ஆள் வந்தால்தான் எதுவும் செய்யலாம் என்பதும் முழு உண்மையன்று. இலண்டனிலும் சுற்றுப்புறத்திலும் முப்பத்தொரு விடுதிகளில் செய்து பார்த்த சோதனை ஒன்றின் முடிவு 2015ஆம் ஆண்டில் வெளிவந்தது. அங்கே செய்தவை பெரிய காரியங்கள் அல்ல. இல்லை என்று சொல்லவேண்டி வந்தால் எப்படி மென்மையாகச் சொல்வது என்று ஊழியருக்குப் பழக்கினார்கள். தாதிக்கு என்ன பிடிக்கும், நோயாளிக்கு என்ன பிடிக்கும் என்று ஒருவரையொருவர் அறியச் செய்தார்கள். ஒருவர் கொந்தளித்து ஓய்ந்தபின் பக்கத்துக் கட்டில்காரரின் பயத்தைப் போக்கினார்கள். இவ்வாறான பத்து வழிகள். கட்டுதல், பூட்டுதல், வலிந்து ஊசியேற்றல் முதலியவை நூற்றுக்கு இருபத்தாறு வீதம் குறைந்தன. முழுதும் ஒழியவில்லை, குறைந்தன. இரவில் கட்டப்படும் நால்வருள் ஒருவர் அவிழ்க்கப்பட்டார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த ஒருவரின் தாய்க்கு அது சிறிய எண்ணன்று.

இன்னும் கிட்டிய முன்மாதிரி அமிர்தசரசில் உண்டு. 1950களில் அங்கு மனநோய் வைத்தியசாலையை நடத்திய வித்யா சாகர் என்ற வைத்தியர், வளவுக்குள் கூடாரம் அடித்து நோயாளரின் குடும்பத்தாரை உடன் தங்கவைத்தார். வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் மனநல நிலையத்திலும் உறவினர் உடனிருக்கும் முறை நெடுங்காலமாக உண்டு. தாய் அருகிருக்கும் பிள்ளையைக் கட்டவேண்டிய தேவை குறைவு. கட்டினாலும் தாயின் கண்முன் கட்டவேண்டும். நமது ஊரில் காய்ச்சற்காரப் பிள்ளைக்கு இரவு முழுவதும் பாய் விரித்துக் காவலிருக்கும் தாயை, மனம் நோயுற்ற பிள்ளையிடமிருந்து மாத்திரம் மணியடித்து வெளியே அனுப்புவதேன்?

வைத்தியசாலையைப் பற்றி இவ்வளவும் பேசிவிட்டு வீட்டைப் பற்றிப் பேசாமல் இறங்கினால் அது நேர்மையாகாது. எமது பெரியப்பா ஒருவர் இருந்தார். கந்தோர் எழுதுவினைஞராக இருந்து, நடுவயதில் நோயுற்றவர். வீட்டின் பின்னறையில் வெளிப்பக்கம் தாழிட்டு வைத்திருந்தோம். நாம் சிறுவராக அந்தக் கதவைக் கடந்தே தினமும் பள்ளிக்கூடம் போனோம். உள்ளிருந்து அவர் கூப்பிட்டால் வேகமாக நடப்போம். 1995 ஒக்டோபர் 30ஆம் நாள் யாழ்ப்பாணமே எழும்பிப் போனபோது வேறு வழியின்றிக் கதவைத் திறந்தோம். அன்றிரவு மழையில், செம்மணி வெளியிலும் நாவற்குழிப் பாலத்திலும் இலட்சக்கணக்கான சனத்தின் நெரிசலில், அப்பாச்சியின் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு அவர் எம்மோடு நடந்தார். தென்மராட்சியில் பள்ளிக்கூடமொன்றின் விறாந்தையில் ஆறு மாதம் எல்லாரோடும் படுத்தார், எல்லாரோடும் வரிசையில் நின்று சோறு வாங்கினார். எவரையும் அடிக்கவில்லை. அவரைக் கட்ட எவருக்கும் நேரமும் இருக்கவில்லை, கதவும் இருக்கவில்லை. 1996இல் வீடு திரும்பினோம். ஓட்டைத் திருத்தினோம், கிணற்றை இறைத்தோம், பின்னறைக்குத் தாழ்ப்பாளும் போட்டோம். ஏன் போட்டோம் என்று வீட்டில் எவரும் எவரையும் கேட்கவில்லை. அவர் இறந்து பல ஆண்டுகள் ஆகின்றன.

ஆகையால் தாதியரைக் குற்றஞ்சாட்ட எமக்கு வாயில்லை. கத்தியோடு ஒருவர் பாய்ந்தால் நான்கு பேர் சேர்ந்து பிடிக்கத்தான் வேண்டும், அதையும் மறுக்கவில்லை. பிடித்த கையை எப்போது விடவேண்டும், விடாவிட்டால் யாரிடம் காரணம் சொல்லவேண்டும் என்பதே எமது கேள்வி. கயிறு ஒன்றே அடியோடு ஒழியவேண்டும், பதிவேடு வைப்பது கயிற்றுக்குச் சட்டத்தின் ஆசி வழங்குவதாகும் என்று வாதிடும் நண்பர்கள் உண்டு. அவர்களுடைய இலட்சியத்தை மதிக்கின்றோம். ஆயினும் எழுதப்படாத கயிற்றை ஒழிக்க எவராலும் முடியாது என்பது எமது துணிபு. முதலில் அது எழுத்தில் வரட்டும். கயிற்றை அவிழ்த்துவிட்டு ஊசியால் கட்டினாலும் அதே ஏட்டில் வரட்டும்.

இதற்குப் புதிய சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு மனநல விடுதியிலும் கட்டுதல், பூட்டுதல், அடக்கும் ஊசி ஆகியவற்றுக்கெனத் தனிப் பதிவேடு வைக்குமாறு மாகாண சுகாதாரத் திணைக்களம் ஒரு சுற்றுநிருபத்தாலேயே பணிக்கலாம். ஒரு நாளுக்குள் குடும்பத்துக்கு அறிவித்தலும் அதில் அடங்கலாம். உறவினர் ஒருவர் இரவில் உடனிருக்க இடம் கொடுப்பதற்குச் சட்டம் எதற்கு? ஒரு பாயும் ஒரு மின்விசிறியும் போதும். மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 11ஆம் பிரிவு, நீதிமன்றக் கட்டளையாலோ வேறு வகையாலோ தடுத்துவைக்கப்பட்டோரின் நலனை அவ்விடங்களுக்கே ஒழுங்காகச் சென்று பார்க்கும் அதிகாரத்தை ஆணைக்குழுவுக்குக் கொடுத்திருக்கின்றது. 'வேறு வகையாலோ' என்ற சொல்லுக்குள் பூட்டிய விடுதியும் அடங்கும் என்பதே எமது வாதம். சிறைச்சாலைக்குப் போகின்றவர்கள் அங்கேயும் போகட்டும். சொல்லிவிட்டுப் போகாமல், இரவில் போகட்டும்.

இவற்றை அடக்கிய மனு ஒன்று வாசலில் உள்ள மேசையில் இருக்கின்றது. இச்சபையில் தாதியரோ சிற்றூழியரோ இருப்பின், முதலில் அவர்கள் அதைப் படித்துப் பார்க்கவேண்டும்; இரவுக்கடமைக்கு எத்தனை பேர் வேண்டுமென்ற இடத்தை எழுதாமல் வெறுமையாக விட்டிருக்கின்றோம், அந்த எண்ணை அவர்களே இடட்டும். அதன்பின் ஏனையோர் ஒப்பமிடலாம். அடுத்த ஞாயிறு காலை பத்து மணிக்கு இதே மண்டபத்தில் கூடி, மனுவைக் கொண்டுசெல்வோர் யார் யாரென்று தீர்மானிப்போம். அந்தத் தாய் தாமும் வருவதாகச் சொல்லியிருக்கின்றார்.